டிசம்பர்ப் பன்றி

மழை விட்ட பிறகும் தகரக் கூரை சொட்டிக்கொண்டிருந்தது. எவரிஸ்தோ கழுநீர் வாளியைத் தூக்கிக்கொண்டு சமையற்கொட்டகையிலிருந்து வெளியே வந்தான். பன்றிக்கு அவன் நடை தெரியும். வாளி பலகையில் இடிக்கும் முன்பே உறுமியது.

கூண்டு குண்டுப்பெட்டிப் பலகைகளால் ஆனது. மேலே கிழிந்த தார்ப்பாய். ஓரமாக, கவிழ்த்த டின் ஒன்றின் மேல் பெல்மீரோ உட்கார்ந்திருந்தான். காலையில் இந்த நேரத்துக்கு அவனை அங்கேதான் பார்க்கலாம்.

“சாப்பிட்டியா மச்சான்?”

பெல்மீரோ பன்றியைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“கொழுத்துட்டான் பாரு. முதுகுல ரெண்டு விரக்கடை கொழுப்பு இருக்கும். என்ன சொல்ற?”

பெல்மீரோ ஒன்றும் சொல்லவில்லை. அக்டோபரிலிருந்து அவன் யாரிடமும் ஒன்றும் சொல்லவில்லை.

எவரிஸ்தோவின் அக்கா ஒலிந்தாவைக் கட்டியவன் அவன். இருவரும் போர்ச்சுகலின் பிராகன்சா மலைப்பக்கம் ஒரே ஊர். ஒரே தடவையில் இருவரையும் ராணுவத்துக்கு எடுத்தார்கள். ஒரே கப்பலில் லிஸ்பனை விட்டு, அங்கோலாவின் இந்தக் கிழக்குக் கோடியில் ஒரே முகாமுக்கு வந்தார்கள். கப்பல்துறையில் ஒலிந்தா புருஷனிடம் பேசவில்லை. தம்பியின் கையைத்தான் பிடித்துக்கொண்டாள். “முழுசாக் கூட்டிட்டு வந்துரு” என்றாள்.

முகோண்டா முகாம் மணல்வெளியின் நடுவே இருந்தது. முப்பது பேர், முள்கம்பி, மணல் மூட்டை, ஒரு கொடிக்கம்பம். கம்பியை ஒட்டிக் குடிசைகள். காட்டோரம் இருந்த ஒரு ஊரைக் கலைத்து இங்கே கொண்டுவந்து வைத்திருந்தார்கள். அப்பால் புல். அதற்கும் அப்பால் காடு. காட்டுக்குள் போர்ச்சுகலை எதிர்க்கும் ஆட்கள் இருந்தார்கள். முகாமில் யாரும் அவர்களைப் பார்த்ததில்லை. அவர்கள் வைத்துவிட்டுப் போன கண்ணிவெடிகளைத்தான் பார்த்திருந்தார்கள்.

குடிதண்ணீர் ஆற்றில். தகரத்தில் பிடித்த மழைத் தண்ணீரைக் குடித்தவர்களுக்கு வயிறு போனது. ஆற்றுக்கு லாரி ஒரே தடத்தில்தான் போக முடியும். தடம் விலகினால் சக்கரம் புதைந்துவிடும். அது காட்டுக்காரர்களுக்கும் தெரியும். அதனால் லாரிக்கு முன்னால் இரண்டு பேர் நடப்பார்கள், இடது சக்கரத்தின் தடத்தில் ஒருவன், வலது தடத்தில் ஒருவன். கையில் குத்துகோல். மூங்கில் நுனியில் இரும்பு முனை. குத்த வேண்டும், கையால் கேட்க வேண்டும், பிறகு ஓரடி வைக்க வேண்டும். வெறும் மணலில் கோல் இறங்கும். மரப்பெட்டியோ இரும்போ இருந்தால் கைக்குத் தெரியும்.

பெல்மீரோ இடது. ஒராசியோ என்பவன் வலது. இருவரும் வழி முழுக்கப் பேசிக்கொண்டே நடப்பார்கள். பக்கத்தில் நடப்பவனுக்குக் கவனம் இருக்கிறதா என்று பார்க்க வேறு வழி கிடையாது. அக்டோபரில் அன்றைக்கு ஒராசியோ அவன் ஊர்க் கழுதை ஒன்றைப் பற்றிக் கதை சொல்லிக்கொண்டிருந்தான். கழுதை பாலத்தைத் தாண்ட மறுத்த இடம் வரைக்கும் வந்தான். அங்கே அவன் காலடியில் வெடித்தது.

அதற்குப் பிறகு பெல்மீரோ கோலைத் தொடவில்லை. விறகு பிளக்கச் சொன்னால் பிளந்தான். காவலுக்கு நிற்கச் சொன்னால் நின்றான். கோலை நீட்டினால் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் வைத்துக்கொண்டான். மற்றவர்கள் முறை போட்டு நடந்தார்கள். பழக்கமில்லாத கைகள். ஆற்றுக்குப் போய்வரப் பகல் முழுதும் ஆனது.

எவரிஸ்தோ வாளியைக் கவிழ்த்தான். பன்றி மூக்கை அழுத்தியது.

“டிசம்பர் வந்தாச்சு மச்சான். கத்தியச் சாணை பிடிக்கணும்.”

பெல்மீரோவின் கட்டைவிரல் ஆள்காட்டி விரலின் ஓரத்தை ஒருமுறை தடவியது. கூர் பார்ப்பது போல. எவரிஸ்தோ அதைப் பார்த்தான். அன்று முழுக்க அவனுக்கு அதே நினைப்பாக இருந்தது.

*

பன்றியைக் குட்டியாக விற்றது சின்யாமா. குடிசைப் பக்கத்து ஆள். நாற்பது வயதிருக்கும். முகாமுக்குத் தடம் பார்த்துச் சொல்வது வேலை. ஒரு தம்பி காட்டுக்குள் இருக்கிறான் என்று பேச்சு. கேட்டால் சிரிப்பான்.

ஜூலையில் இங்கே குளிர். விடியற்காலையில் தகரத்தின் மேல் உறைபனி வெள்ளையாகப் படிந்திருக்கும். அப்படி ஒரு காலையில் கம்பளியைப் போர்த்திக்கொண்டு சின்யாமா கூண்டருகே எவரிஸ்தோவின் பக்கத்தில் வந்து நின்றான்.

“இத எப்ப வெட்டுவீங்க சின்ன துரை?”

“டிசம்பர்ல.”

“இப்பவே நல்லாத்தானே இருக்கு?”

“பன்னிய டிசம்பர்லதான் வெட்டணும்.”

“ஏன்?”

“டிசம்பர்லதான் வெட்டுவாங்க.”

சின்யாமா யோசித்தான். “உங்க ஊரு பன்னின்னா சரி. இது இங்கத்த பன்னி.”

சமையற்காரன் ஸெஃபெரீனோ உள்ளிருந்து கத்தினான். “ஞானஸ்நானம் குடுத்தாச்சுய்யா அதுக்கு. இப்ப அதும் போர்ச்சுகல் பன்னிதான்.”

எல்லோரும் சிரித்தார்கள். அப்போது பெல்மீரோவும் பேசுகிறவனாக இருந்தான். அவன்தான் அதிகம் சிரித்தான். “ஜூலைல பன்னி வெட்டுறவன எங்க ஊர்ல பள்ளத்துல தள்ளிருவோம்” என்றான்.

*

லெப்டினன்ட் நொரோன்யா எவரிஸ்தோவை வானொலி அறைக்குக் கூப்பிட்டுவிட்டான். சட்டப் படிப்பைப் பாதியில் விட்டு வந்த பையன். எவரிஸ்தோவைவிட ஒரு வயது பெரியவனாக இருந்தால் அதிகம். மூக்குக் கண்ணாடியின் ஒரு காலில் பிளாஸ்திரி.

“உக்காரு.”

“இருக்கட்டும் சார்.”

“உன் மச்சான் விஷயம். கிறிஸ்மஸ் முடிஞ்சதும் விமானம் வருது. ஒரு ஆளுக்கு இடம் இருக்கு. லுவாண்டா ஆஸ்பத்திரிக்கு எழுதிரலாம்னு பாக்குறேன்.”

“அங்க எந்த வார்டு சார்?”

லெப்டினன்ட் கையிலிருந்த பென்சிலைப் பார்த்தான். “உனக்கே தெரியும்.”

எவரிஸ்தோவுக்குத் தெரியும். புத்தி பேதலித்தவர்களின் வார்டு. பக்கத்துக் கிராமத்தில் ஒருத்தன் அந்த மாதிரி வார்டிலிருந்து திரும்பி வந்திருந்தான். பிள்ளைகள் பின்னாலேயே போய்க் கல் எறிந்தார்கள். யாரும் அவனை அறுவடைக்குக் கூப்பிடவில்லை. பெண்டாட்டி தாய்வீட்டுக்குப் போய்விட்டாள்.

“கொஞ்சம் பொறுங்க சார். பன்னி வெட்டுற வரைக்கும்.”

“பன்னிக்கும் இதுக்கும் என்னப்பா சம்பந்தம்?”

“ஊர்ல அவந்தான் சார் குத்துறவன். சுத்துப்பட்டுல எல்லா வீட்டுக்கும் அவந்தான் போவான். டிசம்பர் வந்தா அவன வீட்டுல பாக்கவே முடியாது. கைக்குக் கத்தி வந்துட்டா பேசிருவான்.”

“பேசினா, கோலையும் பிடிப்பானா?”

“பிடிப்பான் சார்.”

யோசிக்காமல் சொன்னான்.

“இங்க பாரு. எனக்கு அவன மாதிரி ஆள் வேற கிடையாது. அவன் நடந்த வரைக்கும் லாரி மதியத்துக்குள்ள திரும்பிரும். பேசி, கோலையும் பிடிச்சா இருக்கட்டும். இல்லைன்னா விமானம்.”

வெளியே மழை மறுபடியும் பிடித்தது. எவரிஸ்தோ கொட்டகைக்குப் போய் நனைந்த சட்டையைக் கழற்றினான். அவன் கட்டிலும் பெல்மீரோவின் கட்டிலும் ஒட்டி இருந்தன. நடுவே ஒரு பெட்டி. பெட்டி மேல் பெல்மீரோவின் குவளை. பேசாவிட்டாலும் இரவில் அந்தப் பக்கமிருந்து மூச்சு வரும். ஒலிந்தாவின் சமையல் தெரிந்தவன், அப்பாவின் இருமல் தெரிந்தவன், ஊர்ச் சரிவில் எந்தக் கொல்லை யாருடையது என்று தெரிந்தவன் இந்த மணல்வெளியில் இன்னொருவன் இல்லை. அந்தக் கட்டிலில் வேறு யாரோ படுத்திருப்பதை நினைத்துப் பார்த்தான். விமானம் என்ற சொல் மட்டும்தான் காதில் நின்றிருந்தது. கோலை அவன் மறந்துவிட்டான்.

*

கிறிஸ்மஸுக்கு முந்தின நாள் காலையிலேயே வெயில் ஏறியது. நனைந்த மணலிலிருந்து ஆவி எழுந்தது. சாப்பாட்டு மேசையை வெளியே கொண்டுவந்து போட்டார்கள். சட்டையில்லாத ஆட்கள் சுற்றி நின்றார்கள். கம்பிக்கு அந்தப் பக்கம் குடிசைப் பிள்ளைகள்.

ஸெஃபெரீனோவுக்குப் பல்வலி. தாடையைச் சுற்றித் துண்டு கட்டியிருந்தான்.

“எதுக்குடா இவ்வளவு கூத்து? துப்பாக்கி இருக்கு. ஒரு குண்டு. சோலி முடிஞ்சுது.”

“குண்டடிச்சா ரத்தம் உள்ளயே தங்கிரும்” என்றான் எவரிஸ்தோ. “ரத்தம் வேணும்.”

“ரத்தம் வேணுமாம் தொரைக்கு. இந்த ஊருல பாத்தது பத்தலயாக்கும்.”

யாரும் சிரிக்கவில்லை.

நாலு பேர் பன்றியை இழுத்துவந்து மேசையில் பக்கவாட்டில் சாய்த்தார்கள். வாயைக் கயிற்றால் கட்டினார்கள். கட்டியும் அது கத்தியது. எவரிஸ்தோ கத்தியைப் பெல்மீரோவிடம் நீட்டினான். கைப்பிடியை அவன் பக்கமாகத் திருப்பி.

“மச்சான். பிடி.”

பெல்மீரோ கத்தியைப் பார்த்தான். இரண்டு கையும் முதுகுக்குப் பின்னால் போயின.

“பிடி மச்சான். உன் வேலைதானே. வேற யாருக்குத் தெரியும்?”

“சட்டுனு ஆவட்டும்டா” என்று காலைப் பிடித்திருந்தவன் கத்தினான். “உதைக்குது.”

எவரிஸ்தோ கொஞ்ச நேரம் நீட்டியபடியே நின்றான். கை வலித்தது. பிறகு தானே திரும்பினான். ஊரில் சின்னதிலிருந்து ரத்தம் பிடிக்கும் சட்டியை ஏந்துவதுதான் அவன் வேலை. குத்தியதில்லை. இடது கையால் கழுத்தைத் தடவினான். எங்கே என்று தெரியவில்லை. தெரிந்த மாதிரி ஒரு இடத்தில் கத்தியை வைத்து அழுத்தினான்.

பன்றி வீறிட்டது. கயிறு அவிழ்ந்துவிட்டது. அந்தச் சத்தம் புல்வெளியைத் தாண்டிக் காடு வரைக்கும் போயிருக்கும். ரத்தம் வந்தது, ஆனால் கொஞ்சமாக. மேசை ஆடியது. ஒருத்தன் காலை விட்டுவிட்டான். ஸெஃபெரீனோ “கர்த்தரே” என்று முகத்தைத் திருப்பிக்கொண்டான். எவரிஸ்தோ இன்னொரு இடத்தில் கத்தியை வைத்தான். 

ஒரு கை வந்து அவன் மணிக்கட்டைப் பிடித்தது.

“அங்க இல்லடா. கீழ.”

குரல் கரகரத்திருந்தது. வேறு யாரோ பேசுகிறார்கள் என்று எவரிஸ்தோ முதலில் நினைத்தான்.

பெல்மீரோ கத்தியை வாங்கிக்கொண்டான். முழங்காலால் பன்றியின் தோளை அழுத்தினான். நெஞ்செலும்புக்கு மேலே இரண்டு விரலை வைத்தான். கத்தி கைப்பிடி வரை போனது. சத்தம் குறைந்தது. ரத்தம் சட்டியில் விழும் சத்தம் கேட்டது.

“கிளறு. நிறுத்தாத. உறைஞ்சிரும். புளிச்ச காடி எங்க? காடிய ஊத்துடா. கால அவ்வளவு இறுக்கிப் பிடிக்காத, அதுதான் போயிருச்சே, யாரு நீ, மாடு மேய்க்கிறவனா?”

“தையக்காரன்” என்றான் காலைப் பிடித்திருந்தவன்.

“பாத்தாலே தெரியுது.”

ஆட்கள் கைதட்டினார்கள். எவரிஸ்தோ சட்டிக்குள் கையை விட்டுக் கிளறிக்கொண்டே இருந்தான். முழங்கை வரை சூடாக இருந்தது. மூக்கு ஒழுகியதைத் துடைக்கக் கை இல்லை.

அன்று பகல் முழுக்கப் பெல்மீரோ பேசினான். புல் ஈரம், குடிசைக் கூரைப் புல்லை உருவி மயிரைப் பொசுக்கு என்றான். வெந்நீர் பத்தாது என்றான். குடலைக் கழுவத் தெரியாதவனை ஆற்றில் போடு என்றான். மதியத்தில் சின்யாமா வந்து கம்பியருகே நின்றான். தொங்கவிட்ட இறைச்சியில் ஈ கறுப்பாக மொய்த்திருந்தது. இருவர் இலைக்கொப்பால் விசிறிக்கொண்டிருந்தார்கள்.

“இன்னைக்கே எல்லாத்தையும் தின்னுருவீங்களா?” என்று கேட்டான்.

“தொடை ரெண்டும் உப்புல போகுது. அடுத்த வருஷத்துக்கு” என்றான் எவரிஸ்தோ.

சின்யாமா சூரியனைப் பார்த்தான். பிறகு எவரிஸ்தோவைப் பார்த்தான். “ஈரல்ல ஒரு துண்டு குடுங்க சின்ன துரை” என்றான்.

*

இருட்டுவதற்குள் சாப்பிட உட்கார்ந்தார்கள். ஈரலும் வெங்காயமும். கொழுப்பிலேயே வறுத்த துண்டுகள். ரத்தத்தைப் பிசைந்து குடலில் அடைத்து வேகவைத்தது. கேனிலிருந்து ஊற்றிய ஒயினில் பிளாஸ்டிக் வாடை. ஸெஃபெரீனோ ஒரு பக்கமாக மென்றான். “பல்லு செத்தாலும் பரவால்ல” என்றான்.

பெல்மீரோ இரண்டாம் தட்டு வாங்கினான். எவரிஸ்தோ அவன் வாயையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“ஏன்டா, எனக்குக் கொம்பு முளைச்சிருக்கா?”

“இல்ல மச்சான்.”

“அப்ப உன் தட்டப் பாரு.”

லெப்டினன்ட் தட்டோடு வந்து பெஞ்சில் உட்கார்ந்தான். பெல்மீரோவின் தோளில் கை வைத்தான்.

“உன் மச்சான் சொன்ன மாதிரியே ஆச்சு. கத்தி கைக்கு வந்தா பேசிருவான்னான். கோலையும் பிடிப்பான்னான். இல்லைன்னா உன்ன லுவாண்டா விமானத்துல ஏத்தியிருப்பேன். நல்லது. விமானம் வர்ற அன்னைக்குத் தண்ணி எடுத்தாகணும். அதுக்குள்ள டிரம்மெல்லாம் காலியாயிரும். நீ இடது பக்கம்.”

பெல்மீரோ மென்றுகொண்டிருந்ததை விழுங்கினான். எவரிஸ்தோவைத் திரும்பிப் பார்க்கவில்லை.

“சரி சார்” என்றான்.

*

மூன்றாம் நாள் வாடை வந்தது. உப்பு போட்ட பெட்டியைக் கொட்டகையின் நிழலில் வைத்திருந்தார்கள். நிழலிலும் தகரம் சுட்டது. பெல்மீரோ தொடையைத் தூக்கி வெளியே வைத்தான். உப்பு ஈரமாகிக் கூழாக ஒழுகியது. எலும்பின் ஓரத்தில் விரலை அழுத்தி முகர்ந்தான்.

“எலும்பு வரைக்கும் போயிருச்சு.”

“இன்னும் கொஞ்சம் உப்பு போட்டா?”

“உப்பு என்னடா பண்ணும்? ஊர்ல வெளிய பனி கொட்டும். கதவத் திறந்து வெச்சாப் போதும், மிச்சத்த அது பாத்துக்கும். இங்க யாரு பாத்துக்குவா?” தொடையைத் தட்டினான். “ஜூலைல அந்த ஆளு சொன்னான். நான்தான் பள்ளத்துல தள்ளுவேன்னேன்.”

இருவரும் கம்பிக்கு வெளியே, கோலால் குத்திச் சுத்தம் பார்த்திருந்த இடத்தில் குழி தோண்டினார்கள். மணல் தோண்டத் தோண்டச் சரிந்தது. வெயில் பிடரியில் அடித்தது. 

“விமானத்துல போயிருப்பேன்” என்றான் பெல்மீரோ.

“தெரியும்.”

“தெரியுமா?”

“அப்பத் தெரியல. லெப்டினன்ட் அந்த வார்டுன்னு சொன்னார். அக்காவ நெனச்சேன்.”

“அக்காவையா?”

எவரிஸ்தோ மண்வெட்டியை ஊன்றி நின்றான். “இல்ல. என்னைத்தான் நெனச்சேன். நீ போயிட்டா இங்க எனக்கு யாரு இருக்கா?”

பெல்மீரோ தொடையைக் குழியில் வைத்தான். இரண்டாவதையும் வைத்தான். எறியவில்லை.

“பேச முடியலயா மச்சான்? இல்ல, பேசாம இருந்தியா?”

“ரெண்டுந்தான்.” மணலைத் தள்ள ஆரம்பித்தான். “மொதல்ல முடியல. அப்புறம், பேசாட்டி கோலக் குடுக்க மாட்டாங்கன்னு தெரிஞ்சுது. அதுவே நல்லா இருந்துச்சு. இன்னும் நாலு நாள் வாய மூடிட்டு இருந்திருக்கணும்.”

“ஏன் இருக்கல?”

“பன்னிய அப்படிக் குத்துறதப் பாத்துட்டு எவன்டா சும்மா இருப்பான்?”

அவன் முகத்தில் கோபம் இல்லை. அது எவரிஸ்தோவுக்குத் தாங்க முடியாமல் இருந்தது.

மத்தியானம் அவன் வானொலி அறைக்குப் போனான்.

“சார், அவன அனுப்பிருங்க. ராத்திரில கத்துறான் சார். சரியாகல.”

லெப்டினன்ட் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். “முப்பது பேர் முன்னாடி நாள் பூரா பேசியிருக்கான். சமையல்காரன அதட்டியிருக்கான். அவனுக்குப் பேச்சு வரலன்னு நான் என்னன்னு எழுதுறது? பேசுறவனுக்கு அந்த வார்டுல இடம் கிடையாது.”

“வேற ஏதாச்சும் எழுதுங்க சார். காய்ச்சல்னு.”

“ஸெஃபெரீனோவுக்குத் தாடை வீங்கிச் சீழ் வெச்சிருக்கு. அந்த இடம் அவனுக்கு.”

எவரிஸ்தோ போகவில்லை.

“இன்னும் என்ன?”

“வலது பக்கம் யாரு சார் நடக்குறது?”

“முறைப்படி தையக்காரன்.”

“நான் நடக்குறேன்.”

“நீ சமையல் கட்டு ஆளு. கோலத் தொட்டிருக்கியா?”

“அவன் சொல்லிக் குடுப்பான் சார்.”

லெப்டினன்ட் கண்ணாடியை மாட்டிக்கொண்டு அவனைப் பார்த்தான். வேண்டாம் என்று சொல்லப்போவது போல் இருந்தது. சொல்லவில்லை.

*

விமானம் வரும் நாள் மேகமூட்டம் இல்லாமல் விடிந்தது. மணல் ஓடுபாதையில் சிறிய விமானம் இறங்கித் தபால் மூட்டையையும் மாவு மூட்டைகளையும் தள்ளியது. ஸெஃபெரீனோ பெட்டியோடு நின்றிருந்தான். துண்டுக்கு மேல் முகம் வீங்கிப் பளபளத்தது.

“கழுநீர் வாளிய என்னடா பண்ணப்போற?” என்று எவரிஸ்தோவிடம் கேட்டான்.

“கவிழ்த்து வெச்சிட்டேன்.”

“கோலும் கையுமா உன்னப் பாக்கச் சகிக்கல. திரும்பி வந்தா உனக்கு ஒரு பன்னிக்குட்டி வாங்கித் தாரேன்.”

“ஜூலைல வெட்டலாம்” என்றான் பெல்மீரோ.

ஸெஃபெரீனோ சிரிக்கப் பார்த்துத் தாடையைப் பிடித்துக்கொண்டான்.

முள்கம்பி வாசலைத் திறந்தார்கள். லாரி முதல் கியரில் முனகியது. எவரிஸ்தோ வலது தடத்தில் இறங்கினான். கோல் நினைத்ததைவிடக் கனம் குறைவு. 

“செங்குத்தாக் குத்தாத. சாய்ச்சு” என்றான் பெல்மீரோ. “மண்வெட்டி மாதிரிப் பிடிக்காத. விரல்ல பிடி. கைல வந்து சொல்லணும்.”

“என்ன சொல்லும்?”

“சொல்லுறப்போ தெரியும். மேல இருக்கிற மண்ணையும் பாரு. மழை அடிச்ச மண்ணுல புள்ளி இருக்கும். புள்ளி இல்லாம வழவழன்னு இருந்தா நில்லு.”

குத்தினார்கள். நடந்தார்கள். தடத்தில் ஒரு இடம் இன்னும் பள்ளமாக இருந்தது. மழைத் தண்ணீர் தேங்கிக் கலங்கியிருந்தது. பள்ளம் வலது பக்கம். பெல்மீரோ தன் தடத்திலிருந்து எட்டி அதன் ஓரங்களைத் தானே குத்திப் பார்த்தான். தலையசைத்தான். எவரிஸ்தோ சுற்றிக்கொண்டு வந்தான்.

அந்த இடத்துக்கு அப்புறம் பெல்மீரோ பேசவில்லை. குத்தும் சத்தமும் லாரியின் முனகலும் மட்டும் வந்தன. எவரிஸ்தோ மண்ணிலிருந்து கண்ணை எடுக்காமல் காது கொடுத்தான். இடது பக்கம் மூச்சு கேட்டது. கட்டிலில் கேட்கும் அதே மூச்சு.

“மச்சான்.”

பதில் இல்லை.

“மச்சான், ஏதாச்சும் பேசு.”

கோல் இறங்கியது. ஏறியது. மறுபடியும் இறங்கியது.

“ஒராசியோ ஊர்ல ஒரு கழுதை இருந்துச்சாம்” என்றான் பெல்மீரோ.

“ம்.”

“பாலத்தத் தாண்ட மாட்டேன்னு நின்னுருச்சாம். அடிச்சுப் பாத்தாங்களாம். புல்லக் காட்டிப் பாத்தாங்களாம்.”

“அப்புறம்?”

“அதுக்கப்புறம் எனக்குத் தெரியாதுடா.”

“நீயே ஏதாச்சும் சேத்துச் சொல்லேன்.”

பெல்மீரோ யோசித்தான். ஓரடி வைத்தான்.

பின்னால் விமானத்தின் இரைச்சல் எழுந்தது. ஓடுபாதையை விட்டுக் கிளம்பி, திரும்பி, அவர்கள் தலைக்கு மேலே வந்தது. அதன் நிழல் லாரியைத் தாண்டி, இரண்டு தடங்களையும் தாண்டி, முன்னால் இருந்த மணலில் ஓடிப் புல்லுக்குள் போனது. லாரியில் இருந்தவர்கள் கையை ஆட்டினார்கள்.

அவர்கள் இருவரும் நிமிரவில்லை. மண்ணைப் பார்க்க வேண்டியிருந்தது.